வாசகர் கேள்வி – பதில்: லோர்னா விங் எண்ணிய குழந்தைகள்

ஏப்ரல் 2 உலக ஆட்டிச விழிப்புணர்வு நாளை முன்னிட்டு, இங்கிலாந்தின் மனநல மருத்துவர் லோர்னா விங்கைப் பற்றிச் சென்ற இதழில் ஒரு சிறு குறிப்பு வெளியிட்டிருந்தோம். ஆட்டிசம், அதாவது பிறரோடு பழகுவதையும் கருத்துப் பரிமாற்றத்தையும் பாதிக்கும் வளர்ச்சிக் குறைபாடு, மிக அரிதானது, எல்லாக் குழந்தைகளிடமும் ஒரே மாதிரி வெளிப்படுவது என்ற எண்ணத்தை மாற்றியவர் அவர் என்பதே அக்குறிப்பின் சாரம். அதைப் படித்தவர்கள் எழுதிய கடிதங்களில் சிலவற்றுக்கு இங்கே பதில் தருகிறோம்.

கேள்வி: லோர்னா விங்கின் வாழ்க்கையைச் சுருக்கமாகச் சொல்ல முடியுமா? – வாசகர், கரூர்

பதில்: 1928 அக்டோபர் 7 அன்று இங்கிலாந்தின் கென்ட் பகுதியில் உள்ள ஜில்லிங்ஹாமில் பிறந்தார். தந்தை கடற்படைப் பொறியாளர். லண்டன் யுனிவர்சிட்டி காலேஜ் மருத்துவமனையின் கல்லூரியில் மருத்துவம் படித்தபோது, உடற்கூறு வகுப்பில் ஒரே உடலை ஆராயும்படி அவரோடு சேர்க்கப்பட்ட மாணவர் ஜான் விங். பின்னர் இருவரும் மணம் செய்துகொண்டார்கள். இருவருமே மனநல மருத்துவர்கள் ஆனார்கள். ஜான், மனச்சிதைவு நோயாளிகளின் சமூக வாழ்க்கையை ஆராய்ந்து பெயர் பெற்றவர். அவர்களுடைய ஒரே மகள் சூசி 1956-ல் பிறந்தாள். அவளுக்குக் கடுமையான ஆட்டிசம் இருப்பது தெரிந்த பிறகு, பெரியவர்களுக்கான மனநல மருத்துவத்தில் இருந்த லோர்னா, குழந்தைகளின் வளர்ச்சிக் குறைபாடுகளை ஆராயும் பணிக்கு மாறிக்கொண்டார். மகளைக் கவனிக்க வேண்டியிருந்ததால் பகுதிநேரமாகவே ஆய்வுப் பணியைச் செய்தார். இன்று உலகெங்கும் மருத்துவர்கள் வழங்கும் ஆட்டிசச் சான்றிதழ்களுக்கு அடிப்படையாக இருப்பது, அந்தப் பகுதிநேரப் பணியில் விளைந்த கருத்துத்தான். சூசி 2005-லும், ஜான் 2010-லும் மறைந்தார்கள். லோர்னா 2014 ஜூன் 6 அன்று தமது 85-ஆம் வயதில் காலமானார்.

கேள்வி: தாயும் தந்தையும் மருத்துவர்கள், அதிலும் மனநல மருத்துவர்கள். அவர்களுக்கே மகளின் நிலை உடனே தெரியவில்லையா? – வாசகி, திண்டுக்கல்

பதில்: ஏதோ சரியில்லை என்பது தாய்க்குத் தெரிந்தது. அதற்குப் பெயர் என்ன என்பதுதான் தெரியவில்லை. அன்றைய மருத்துவப் படிப்பில் ஆட்டிசத்துக்கு ஏறக்குறைய இடமே இல்லை. 1943-ல் அமெரிக்காவின் பால்டிமோர் நகரில் லியோ கன்னர் 11 குழந்தைகளை விவரித்து எழுதிய கட்டுரை, அத்துறைக்குள் இருந்த சிலருக்கு மட்டுமே தெரிந்திருந்தது.

லோர்னா பிற்காலத்தில் நினைவுகூர்ந்த ஒரு ரயில் பயணம் உண்டு. கைக்குழந்தையான சூசியோடு அவர் அமர்ந்திருந்த பெட்டியில், கிட்டத்தட்ட அதே வயதுள்ள ஆண் குழந்தையோடு இன்னொரு தாயும் இருந்தார். அந்தக் குழந்தை ஜன்னலுக்கு வெளியே தெரிந்த ஆடுமாடுகளைக் கை நீட்டிக் காட்டுவதும், ‘பார்த்தாயா’ என்பது போலத் திரும்பித் தாயின் முகத்தைப் பார்ப்பதுமாக இருந்தது. சூசி அப்படி ஒருபோதும் செய்ததில்லை என்பது அந்தக் கணத்தில் லோர்னாவுக்கு உறைத்தது. தான் கண்டதைப் பிறரோடு பகிர்ந்துகொள்ளக் குழந்தை செய்யும் இந்தச் சிறிய செயலைத்தான், ஆட்டிசத்தின் தொடக்க அறிகுறிகளைத் தேடும் மருத்துவர்கள் இன்று முதலில் விசாரிக்கிறார்கள்.

சூசிக்கு ஏறத்தாழ மூன்று வயதானபோது, குழந்தைகள் மனநல மருத்துவர் மில்ட்ரட் கிரீக் ஆட்டிசம் குறித்து ஆற்றிய உரையை ஜான் கேட்க நேர்ந்தது. அவர் விவரித்த குழந்தைகளில் ஜான் தம் மகளைக் கண்டார்.

கேள்வி: அக்காலத்தில் இங்கிலாந்தில் இத்தகைய குழந்தைகளைப் பள்ளிகள் சேர்த்துக்கொண்டனவா? – ஆசிரியர் ஒருவர், விருதுநகர்

பதில்: பெரும்பாலும் இல்லை. கடுமையான குறைபாடுள்ள குழந்தைகளைக் ‘கல்வி கற்பிக்க இயலாதவர்கள்’ என்று சட்டமே ஒதுக்கி வைத்திருந்தது. அவர்களுக்குக் கல்வித் துறை பொறுப்பேற்கவில்லை, சுகாதாரத் துறையிடம் விட்டுவிட்டது. வீடு அல்லது நீண்டகால மருத்துவமனை, இரண்டில் ஒன்றுதான் அவர்களுக்குக் கதி. 1970-ல் நிறைவேறி அடுத்த ஆண்டு நடைமுறைக்கு வந்த சட்டம்தான் எல்லாக் குழந்தைகளையும் கல்வித் துறையின் பொறுப்புக்குள் கொண்டுவந்தது.

அதுவரை காத்திருக்கப் பெற்றோர்களால் இயலவில்லை. 1962-ல் லோர்னாவும் வேறு சில பெற்றோர்களும் சேர்ந்து தொடங்கிய சங்கம்தான் இன்றைய நேஷனல் ஆட்டிஸ்டிக் சொசைட்டி. மாண்டிசோரி முறையில் பயிற்சி பெற்றுத் தம் வீட்டிலேயே சில குழந்தைகளுக்குப் பாடம் சொல்லிக்கொடுத்துவந்த சிபில் எல்கர் என்ற ஆசிரியையைக் கண்டறிந்து, அவர் தலைமையில் 1965-ல் லண்டனின் ஈலிங் பகுதியில் சங்கம் ஒரு பள்ளியைத் திறந்தது. அந்தக் குழந்தைகள் வளர்ந்து பெரியவர்களானபோது எங்கே வாழ்வார்கள் என்ற கேள்வி எழுந்தது. 1974-ல் சோமர்செட் பகுதியில் பெரியவர்களுக்கான உறைவிடத்தையும் அதே சங்கம் நிறுவியது. லோர்னா இந்தச் சங்கத்தின் தாயாகவும் மருத்துவ ஆலோசகராகவும் இருந்தார் எனலாம். வீட்டில் குழந்தையோடு அன்றாடம் எப்படிப் பழகுவது என்பதை விளக்கி 1971-ல் அவர் பெற்றோர்களுக்காக எழுதிய கையேடு பல மொழிகளுக்குப் போயிற்று.

கேள்வி: அவருடைய கேம்பர்வெல் ஆய்வு பொது சுகாதார வரலாற்றில் முக்கியமானது என்று எழுதியிருந்தீர்கள். ஒரு மனநல மருத்துவரின் ஆய்வு எப்படிப் பொது சுகாதாரம் ஆகும்? – மருத்துவ மாணவி, மதுரை

பதில்: இந்தக் கேள்விக்குச் சற்று விரிவாகவே பதில் சொல்ல விரும்புகிறோம். லோர்னா விங்கின் பணியில் ஆகப் பெரியது எதுவென்று எங்களைக் கேட்டால், இந்த ஆய்வையே சொல்வோம்.

மருத்துவமனையில் அமர்ந்திருக்கும் மருத்துவர், தம்மைத் தேடி வருபவர்களை மட்டுமே காண்கிறார். வராதவர்கள் எத்தனை பேர், ஏன் வரவில்லை, அவர்களுக்கு என்ன வேண்டும் என்பது அவருக்குத் தெரிய வழியில்லை. பொது சுகாதாரம் அதற்கு நேர்மாறாக, ஓர் ஊரை முழுமையாக எடுத்துக்கொண்டு அங்கே வாழும் எல்லோரையும் கணக்கில் கொள்கிறது. ஆட்டிசத்தில் இம்முறையை முதலில் கையாண்டவர் விக்டர் லாட்டர். இங்கிலாந்தின் மிடில்செக்ஸ் பகுதியில் 8 முதல் 10 வயது வரையுள்ள குழந்தைகளை ஆராய்ந்து, 10,000 பேரில் 4.5 பேருக்கு ஆட்டிசம் இருப்பதாக 1966-ல் அறிவித்தார். ஆனால் அவர் தேடியது கன்னர் வகுத்த இலக்கணத்துக்கு, அதாவது கன்னர் வரையறுத்த அறிகுறிகளுக்கு, முழுமையாகப் பொருந்தும் குழந்தைகளை. பாதி பொருந்தியும் பாதி பொருந்தாமலும் இருந்தவர்கள் அந்தக் கணக்குக்கு வெளியே நின்றார்கள்.

அந்த வெளியே நின்றவர்களைத்தான் லோர்னா விங்கும் உளவியலாளர் ஜூடித் கூல்டும் தேடிப் போனார்கள். தெற்கு லண்டனின் கேம்பர்வெல் பகுதியில் அப்போது 15 வயதுக்குட்பட்ட குழந்தைகள் சுமார் 35,000 பேர் இருந்தார்கள். ஜான் விங் தலைமையிலிருந்த சமூக மனநல ஆய்வுப் பிரிவு, அந்தப் பகுதியில் மனநலச் சேவை பெறுவோரின் பதிவேட்டை ஏற்கெனவே பராமரித்துவந்தது. லோர்னாவும் கூல்டும் ‘ஆட்டிசம் உள்ளவர்கள் யார்’ என்று கேட்டுத் தொடங்கவில்லை. எந்த வகைக் குறைபாட்டுக்காகவும் பள்ளியிலோ மருத்துவமனையிலோ சமூக நலத் துறையிலோ பெயர் பதிவாகியிருந்த குழந்தைகளைப் பட்டியலிட்டு, அதிலிருந்து 132 பேரைத் தேர்ந்தெடுத்து நுணுக்கமாக ஆராய்ந்தார்கள். குழந்தையைச் சில நிமிடங்கள் பார்த்துவிட்டு முடிவெடுக்காமல், குழந்தையோடு வாழ்பவர்களிடம் அமர்ந்து, அது எப்படி விளையாடுகிறது, வேறு குழந்தை அருகில் வந்தால் என்ன செய்கிறது, வேண்டியதை எப்படிக் கேட்கிறது என்று ஒவ்வொன்றாகக் கேட்டுக் குறித்தார்கள். இந்த விசாரணை முறையே பிற்காலத்தில் விரிந்து, டிஸ்கோ என்று சுருக்கமாக வழங்கும் நேர்காணல் கருவியாக உருப்பெற்றது.

1979-ல் வெளியான முடிவுகள் அன்றைய நம்பிக்கைகளை அசைத்தன. கன்னரின் இலக்கணப்படியான ஆட்டிசம் 10,000-க்கு 4.9, இது லாட்டரின் கணக்கோடு ஒத்துப்போனது. ஆனால் பிறரோடு பழகும் இயல்பில் ஆழ்ந்த குறைபாடுள்ள குழந்தைகள் 10,000-க்கு 21-க்கும் மேல் இருந்தார்கள். அதாவது, உதவி தேவைப்பட்ட நாலு குழந்தைகளில் மூன்று குழந்தைகளுக்கு மருத்துவத்தில் பெயரே இல்லை. பெயர் இல்லாததால் அவர்களுக்கு ஏற்ற சிறப்புப் பள்ளி இல்லை, பயிற்சி இல்லை, பெற்றோருக்கு ஆலோசனையும் இல்லை.

இந்தக் குழந்தைகள் எல்லோரிடமும் மூன்று சிரமங்கள் சேர்ந்தே காணப்படுவதை இருவரும் எடுத்துக்காட்டினார்கள்: பிறரோடு பழகுவதில் சிரமம், பேச்சாலும் சைகையாலும் கருத்தைப் பரிமாறுவதில் சிரமம், கற்பனை விளையாட்டு அருகிச் செய்ததையே திரும்பத் திரும்பச் செய்யும் போக்கு. பழகும் விதத்திலும் அவர்கள் வேறுபாடு கண்டார்கள். சிலர் மனிதர்களை விட்டு விலகியே இருந்தார்கள். சிலர் தாமாக யாரையும் அணுகமாட்டார்கள். மற்றவர்கள் விளையாட்டில் சேர்த்துக்கொண்டால் மறுக்காமல் கூட இருப்பார்கள். இன்னும் சிலர் தாமே வலிய வந்து பேசுவார்கள், ஆனால் எதிரில் இருப்பவர் கேட்கிறாரா இல்லையா என்பதைப் பொருட்படுத்தாமல் தமக்குப் பிடித்த ஒன்றையே பேசிக்கொண்டிருப்பார்கள். இந்த மூன்றாம் வகையினரை அதுவரை ‘அடம்’, ‘கிறுக்கு’, ‘வளர்ப்பு சரியில்லை’ என்றே உலகம் சொல்லிவந்தது. இவர்களுக்கிடையே கோடு போட்டுப் பிரிக்க இயலாது, ஒரே குழந்தைகூட வளர வளர ஒரு நிலையிலிருந்து மற்றொன்றுக்கு மாறக்கூடும் என்று கண்ட பிறகுதான், ஆட்டிசத்தை ஒரு ஸ்பெக்ட்ரமாக, அதாவது வானவில்லின் நிறங்களைப் போல ஒன்றோடொன்று கலந்து தொடரும் பல நிலைகளாகக் காணும் பார்வை லோர்னாவிடம் உறுதிப்பட்டது. மனநலக் குறைபாடுகளை வரையறுக்கும் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கத்தின் கையேடு 1987-ல் திருத்தப்பட்டபோது, ஆட்டிசம் குறித்த பகுதியை வகுத்தவர்களில் அவரும் ஒருவர்.

கேள்வி: என் மகனுக்கு ஆட்டிசம். நான் படித்து வேலைக்குப் போனதால்தான் பிள்ளை இப்படி ஆகிவிட்டான் என்று என் மாமியார் சொல்கிறார். உறவினர்களும் அதையே சொல்கிறார்கள். லோர்னா விங் இதைப் பற்றி ஏதாவது சொல்லியிருக்கிறாரா? – வாசகி, சேலம்

பதில்: சொன்னதோடு நிற்கவில்லை, ஆய்வு செய்தே மறுத்திருக்கிறார். அம்மா, உங்கள் படிப்புக்கும் வேலைக்கும் மகனின் ஆட்டிசத்துக்கும் எந்தத் தொடர்பும் இல்லை. இதை முதலில் உறுதியாகச் சொல்லிவிடுகிறோம்.

உங்கள் வீட்டில் கேட்கும் இந்தப் பழி, ஒரு காலத்தில் மருத்துவ நூல்களிலேயே இருந்தது. கன்னர் பார்த்த 11 குழந்தைகளின் பெற்றோரில் பெரும்பாலோர் நன்கு படித்தவர்கள்; அவர்களிடம் பாசத்தின் கதகதப்பு குறைவு என்று அவர் எழுதினார். சிகாகோவில் புரூனோ பெட்டல்ஹைம் இதை இன்னும் கடுமையாக்கி, தாயின் புறக்கணிப்பே காரணம் என்று 1960-களில் பரப்பினார். எத்தனையோ தாய்மார்கள் அந்தக் குற்றச்சாட்டைச் சுமந்துகொண்டே வாழ்ந்து முடித்தார்கள்.

லோர்னா கேட்ட கேள்வி எளிமையானது. படித்தவர்களின் பிள்ளைகளுக்கு ஆட்டிசம் அதிகமா, அல்லது படித்தவர்கள்தான் தேடி அலைந்து சிறப்பு மருத்துவர்களிடம் வந்துசேர்கிறார்களா? 1980-ல் வெளியான அவருடைய கட்டுரை இதற்கு விடை தந்தது. ஆட்டிசத்துக்கென இயங்கிய சிறப்பு மருத்துவப் பிரிவுக்கு வந்த குழந்தைகளின் தந்தையரும், பெற்றோர் சங்கத்தில் சேர்ந்திருந்த தந்தையரும் உயர்ந்த வேலைகளில் இருந்தார்கள். ஆனால் கேம்பர்வெல் பகுதி முழுவதையும் ஆராய்ந்து கண்டறிந்த குழந்தைகளின் தந்தையர், அந்தப் பகுதியின் மற்றத் தந்தையரைப் போலவே எல்லாத் தரப்பினராகவும் இருந்தார்கள். ஏழை வீட்டுக் குழந்தைக்கும் ஆட்டிசம் வந்தது. மருத்துவர் கண்ணில் படவில்லை, அவ்வளவுதான்.

இதற்கு மூன்றாண்டுகளுக்கு முன்பே, லண்டனில் சூசன் ஃபோல்ஸ்டைனும் மைக்கேல் ரட்டரும் 21 ஜோடி இரட்டையர்களை ஆராய்ந்து, ஆட்டிசத்தில் மரபுக்குப் பெரும் பங்கு உண்டு என்று காட்டியிருந்தார்கள். இந்தப் பதிலை உங்கள் மாமியாரிடம் படித்துக் காட்டுங்கள். பேரன் மேல் உள்ள கவலையில்தான் அவர் அப்படிச் சொல்லியிருப்பார். அந்தக் கவலையைப் பழியாகச் சொல்லாமல், பேரனுக்குப் பேச்சும் பழக்கமும் சொல்லிக்கொடுப்பதில் உங்களுக்குத் துணையாக இருக்கும்படி கேளுங்கள்.

கேள்வி: ஆஸ்பெர்கர் என்ற பெயரை உலகுக்கு அறிமுகப்படுத்தியவரும் அவர்தானே? அந்த ஆஸ்பெர்கர் நாஜிகளோடு ஒத்துழைத்தவர் என்கிறார்களே? – வாசகர், கோயம்புத்தூர்

பதில்: இரண்டும் உண்மை. வியன்னாவின் குழந்தை மருத்துவர் ஹான்ஸ் ஆஸ்பெர்கர் 1944-ல் ஜெர்மன் மொழியில் எழுதிய கட்டுரை, ஆங்கிலம் பேசும் நாடுகளில் கவனிக்கப்படாமல் கிடந்தது. ஜெர்மன் அறிந்த ஜான் அதை மனைவிக்கு மொழிபெயர்த்துக் கொடுத்தார். நன்றாகப் பேசத் தெரிந்தும், அறிவுத்திறன் இருந்தும், பிறரோடு பழகத் தெரியாமல் தவித்த பலரை லோர்னா தம் பணியில் கண்டிருந்தார். அத்தகைய 34 பேரைப் பற்றி 1981-ல் எழுதிய கட்டுரையில், ஆஸ்பெர்கரின் பெயரை இந்நிலைக்குச் சூட்டினார். 1970-களின் பிற்பகுதியில் ஆஸ்பெர்கர் லண்டன் வந்திருந்தபோது, மாட்ஸ்லி மருத்துவமனையின் சிற்றுண்டிச் சாலையில் இருவரும் தேநீர் அருந்தியபடி பேசியிருக்கிறார்கள். தாம் விவரித்தது தனி வகை என்றார் அவர். ஆட்டிசத்தின் ஒரு நிலைதான் என்றார் லோர்னா. ஒத்துப்போகவில்லை என்பதை இருவரும் மரியாதையோடு ஒப்புக்கொண்டு பிரிந்தார்கள்.

அந்தப் பெயரால் பயன் விளைந்தது. தங்களுக்கு என்ன என்று தெரியாமலேயே நடுவயதை எட்டிய ஆயிரக்கணக்கானோர் அதன் மூலம் தங்களைப் புரிந்துகொண்டார்கள். ஆனால் லோர்னா நினைத்ததற்கு மாறாக, அது தனி நோயாகவே நிலைபெற்று 1994-ல் அமெரிக்கக் கையேட்டிலும் இடம்பிடித்தது. அப்படியொரு பெயரைக் கொண்டுவந்திருக்க வேண்டாம் என்று முதுமையில் வருந்திச் சொன்னார். 2013-ல் வந்த கையேடு அதை நீக்கி, எல்லா நிலைகளையும் ஆட்டிசம் ஸ்பெக்ட்ரம் என்ற ஒரே தலைப்பின் கீழ் சேர்த்தது. அவர் முதலிலிருந்தே சொல்லிவந்தது அதைத்தான்.

ஆஸ்பெர்கர் சில குழந்தைகளை வியன்னாவின் ஸ்பீகல்கிரண்ட் நிலையத்துக்கு அனுப்பப் பரிந்துரைத்தார் என்பதை வரலாற்றாய்வாளர் ஹெர்விக் செக் 2018-ல் ஆவணங்களோடு வெளியிட்டார். குறைபாடுள்ள குழந்தைகள் நூற்றுக்கணக்கில் கொல்லப்பட்ட இடம் அது. லோர்னா அப்போது உயிரோடு இல்லை. இன்று அந்தப் பெயரைத் தவிர்ப்பதே முறை என்பது எங்கள் கருத்து.

கேள்வி: தடுப்பூசியால் ஆட்டிசம் பெருகிவிட்டது என்ற பேச்சைப் பற்றி அவர் என்ன நினைத்தார்? – வாசகர், தூத்துக்குடி

பதில்: ஏற்கவில்லை. 2002-ல் அவரும் டேவிட் பாட்டரும் அதுவரை வந்த கணக்கெடுப்புகளை ஒப்பிட்டு, எண்ணிக்கை உயர்ந்ததற்கு இலக்கணம் விரிந்ததும் விழிப்புணர்வு வளர்ந்ததுமே பெரும்பாலும் காரணம் என்று எழுதினார்கள். 12 குழந்தைகளை வைத்து, தட்டம்மை உள்ளிட்ட மூன்று நோய்களுக்கான எம்.எம்.ஆர். தடுப்பூசியின் மேல் ஐயம் கிளப்பிய 1998-ஆம் ஆண்டுக் கட்டுரையை, அதை வெளியிட்ட லான்செட் மருத்துவ இதழே 2010-ல் திரும்பப் பெற்றது. டென்மார்க்கில் ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்ட குழந்தைகளை ஆராய்ந்தும் தொடர்பு எதுவும் காணப்படவில்லை. தடுப்பூசியைத் தள்ளிப்போடாதீர்கள்.

கேள்வி: ஆட்டிசம் உள்ளவர்களே இன்று ‘எங்களைக் குறைபாடு உள்ளவர்கள் என்று சொல்லாதீர்கள்’ என்கிறார்கள். அப்படியென்றால் லோர்னா விங்கின் அணுகுமுறை காலாவதியாகிவிட்டதா? – வாசகர், புதுச்சேரி

பதில்: அந்த விமர்சனத்தில் நியாயம் இருக்கிறது. ‘இது வராது, அது இல்லை’ என்றே பட்டியலிட்டது அவர் காலத்து மருத்துவம். ஆட்டிசம் உள்ளவர்களின் சொந்தக் குரல் அதில் மிகக் குறைவாகவே ஒலித்தது. ஒலியும் வெளிச்சமும் தொடுதலும் அவர்களை எவ்வளவு வாட்டும் என்பதைக் கையேடுகள் முறையாகச் சேர்த்துக்கொண்டதே 2013-ல்தான். ஆனால், தங்களுக்காகத் தாங்களே வாதாடும் பலரை, கன்னரின் இலக்கணம் கணக்கிலேயே சேர்த்திருக்காது. அவர்களுக்கு இடம் கிடைக்கும்படி எல்லையை விரித்தவர் லோர்னா. இன்னொரு பக்கம், சூசியைப் போல வாழ்நாள் முழுவதும் பிறர் துணை தேவைப்படுபவர்களை அவர் ஒருநாளும் மறக்கவில்லை. அவரும் அமிதா ஷாவும் 2000-ல் வெளியிட்ட ஆய்வில், தாங்கள் பணியாற்றிய ஆட்டிச மையத்துக்கு அனுப்பப்பட்ட 15 வயதுக்கு மேற்பட்டோரில் 17 சதவீதத்தினர், நடக்கத் தொடங்கி நடுவிலேயே உறைந்து நிற்பது போன்ற செயலிழப்புக்கு ஆளாகியிருப்பதைக் காட்டினார்கள். பேச இயலாதவர்களைப் பற்றி எழுதவும் யாராவது இருக்க வேண்டும் என்பதால் இதைக் குறிப்பிடுகிறோம்.

கேள்வி: என் பேரனுக்கு இரண்டு வயது. பெயர் சொல்லிக் கூப்பிட்டால் திரும்புவதில்லை, எதையும் விரல் நீட்டிக் காட்டுவதில்லை. ‘ஆண் பிள்ளை தாமதமாகத்தான் பேசும், மூன்று வயது வரை பொறுங்கள்’ என்கிறார்கள். பொறுக்கலாமா? – பாட்டி ஒருவர், தஞ்சாவூர்

பதில்: பொறுக்க வேண்டாம் அம்மா. நீங்கள் எழுதியிருக்கும் இரண்டு அறிகுறிகளும் கவனிக்கப்பட வேண்டியவை. ஆட்டிசமாகவே இருக்க வேண்டும் என்பதில்லை. காது கேளாமையாலும் இப்படி நேரலாம். ஆகவே முதலில் செவித்திறன் பரிசோதனை செய்துவிட்டு, குழந்தை வளர்ச்சி மருத்துவரிடமோ, அரசு மருத்துவமனைகளில் இயங்கும் மாவட்டத் தொடக்கநிலை இடையீட்டு மையத்திலோ காட்டச் சொல்லுங்கள். பெயர் உறுதியாகும் வரை பயிற்சியைத் தள்ளிவைக்க வேண்டியதில்லை. குழந்தைக்கு எதில் உதவி தேவை என்பதைக் கண்டு அதைக் கொடுப்பதுதான் முதல் வேலை, நோய்க்குப் பெயரிடுவது அடுத்ததுதான் என்று லோர்னா விங்கும் வற்புறுத்திவந்தார். ஆட்டிசம் என்று உறுதியானால், 2016-ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின்கீழ் சான்றிதழும் அடையாள அட்டையும் பெற்றுக்கொள்ளலாம்.

மருத்துவரிடம் போகும் முன்பு, பேரன் ஒரு நாளில் என்ன செய்கிறான் என்பதை நீங்களும் குழந்தையின் தாயும் சேர்ந்து ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். தண்ணீர் வேண்டுமென்றால் எப்படித் தெரிவிக்கிறான், உங்கள் கையைப் பிடித்து இழுத்துச் செல்கிறானா, பொம்மைக் காரை ஓட்டுகிறானா அல்லது சக்கரத்தை மட்டும் சுழற்றிப் பார்த்துக்கொண்டிருக்கிறானா, வேறு பிள்ளைகள் வந்தால் அருகில் போகிறானா, எந்தச் சத்தத்துக்குக் காதைப் பொத்திக்கொள்கிறான் என்பவற்றையெல்லாம் குறித்துக்கொள்ளுங்கள். அவன் விளையாடுவதைக் கைபேசியில் இரண்டு மூன்று நிமிடம் படம் பிடித்துக்கொண்டு போனால், புதிய இடத்தில் குழந்தை அழுது முரண்டு பிடித்தாலும், வீட்டில் அவன் எப்படி இருக்கிறான் என்பதை மருத்துவர் நேரில் பார்த்தது போல அறிந்துகொள்வார்.